களரியும் கமராவும்

வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

1939 ஜனவரி 2ஆம் திகதி லண்டன் பீனிக்ஸ் அரங்கில் நடந்த சேக்ஸ்பியரின் ‘பன்னிரண்டாம் இரவு’ நாடகத்தை பிபிசி அங்கிருந்தே நேரடியாகத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பியது. தொலைக்காட்சி அப்போது இரண்டு வயதுக் குழந்தை. பெகி ஆஷ்குரோப்ட் வயோலாவாகவும் மைக்கேல் ரெட்கிரேவ் சேர் அண்ட்ரூவாகவும் நடித்தார்கள்.

அந்த நாடகத்தின் உயிர் கடிதக் காட்சியில் இருக்கிறது. வீட்டுக் காரியக்காரன் மல்வோலியோ தோட்டத்தில் கிடக்கும் கடிதத்தை எடுத்து, எசமானிதான் தன்மேல் ஆசைப்பட்டு எழுதியிருக்கிறாள் என்று நம்பிவிடுகிறான். எழுதியவளோ பணிப்பெண் மரியா. மஞ்சள் காலுறை அணிந்து வரச் சொல்கிறது கடிதம். செடிமறைவில் அண்ட்ரூவும் கூட்டாளிகளும் ஒளிந்து நின்று, அவன் வாசிக்க வாசிக்கப் பல்லைக் கடிக்கிறார்கள். அரங்கில் இருப்பவருக்கு இரண்டும் ஒரே பார்வையில் கிடைக்கின்றன. கமரா மல்வோலியோவின் முகத்தை நெருங்கினால் செடிமறைவு போய்விடும். விலகினால் முகம் போய்விடும். அன்றைய பெட்டிகள் பலவற்றில் படம் 10 அங்குல அகலத்தைத் தாண்டவில்லை. அந்தச் சிறு சட்டத்துக்குள் இந்தக் காட்சியை அடக்கத் துணிந்தார்களே, அந்தத் துணிச்சலை நான் மெச்சுகிறேன். அதைவிட, வெறும் கலையகத்தை விட்டுச் சனம் கூடியிருந்த அரங்குக்கே கமராவைக் கொண்டுபோனது பெரிய காரியம். சிரிப்பு அடங்கும்வரை அடுத்த வசனத்தை நிறுத்திவைப்பது நகைச்சுவை நடிகரின் வித்தை. சனம் இல்லாத இடத்தில் அவர் எதற்காகக் காத்திருப்பார்?

எங்கள் காத்தவராயன் கூத்திலும் இதே சங்கதி உண்டு. காத்தவராயன் வளையல் செட்டியாக வேடமிட்டு ஆரியமாலையிடம் வருகிறான். அவன் யாரென்று கூத்து ஆடும் இடமான களரியைச் சுற்றி இருக்கும் குழந்தைக்கும் தெரியும், அவளுக்குத் தெரியாது. இப்போது வன்னியில் கூத்து நடந்தால் இளைஞர்கள் கைத்தொலைபேசியில் படம் பிடிக்கிறார்கள். மகிழ்ச்சிதான். ஆனால் பாடுகிறவரின் முகத்தை மட்டுமே துரத்துகிறார்கள். வளையலுக்குக் கை நீட்டும் ஆரியமாலை சட்டத்துக்கு வெளியே நிற்கிறாள்.

தம்பி தங்கைகளிடம் கேட்பது இதுதான். ஒரு கமராவை அசையாமல் தூரத்தில் நிறுத்துங்கள். முழுக் களரியும், கூத்தைப் பழக்கி நடத்தும் அண்ணாவியாரும், முன்வரிசைப் பாயில் இருக்கும் சனமும் அதில் விழட்டும். சனத்தின் சிரிப்பொலியைப் பின்னர் வெட்டிவிடாதீர்கள். நெருங்கிப் பிடிக்க வேண்டுமானால் இன்னொரு கைத்தொலைபேசியை வைத்துக்கொள்ளுங்கள்.