சந்தேகம்னு சொல்லிட்டா சோத்த நிறுத்திடலாமா?

(திருவாரூர் பக்கம் ஒரு மகளிர் குழு கூட்டத்துல பேசுனது, பேசுன மாதிரியே போடறேன்)

அக்கா தங்கச்சி எல்லாருக்கும் வணக்கம், அறுப்பு நேரத்துலயும் வந்துருக்கீங்க, நேரா விஷயத்துக்கு வர்றேன்.

நம்ம பக்கம் தெருவுக்கு நாலு பேர் சிங்கப்பூர், துபாய்னு போயிருக்காங்க. புருஷன் ரெண்டு மாச லீவுல வந்துட்டு போறாரு, புள்ள பொறக்குது, யாரோ போன்ல எதையோ ஓதிவிடறாங்க, உடனே "என் புள்ள இல்ல"ன்னு பணம் நின்னுடுது, அடுத்த லீவுல வந்தா அடி. ஊர்ப் பஞ்சாயத்துல "டிஎன்ஏ டெஸ்ட் எடுத்துட்டு வாம்மா"ங்கறாங்க. அப்படி சொல்ல அவங்களுக்கு அதிகாரமே கிடையாது!

முறையா நடந்த கல்யாணம் இருக்கறப்ப பொறந்த புள்ள சட்டப்படி புருஷனோட புள்ளதான், விவாகரத்து ஆயிருந்தாலும் மறுகல்யாணம் பண்ணாம 280 நாளுக்குள்ள பொறந்தா அதேதான். பழைய சாட்சிய சட்டத்துல 112வது பிரிவு, 2024 ஜூலைலேர்ந்து புது சட்டத்துல 116. இல்லங்கறவருதான், கரு தரிச்ச காலத்துல ரெண்டு பேரும் சேர வழியே இல்லன்னு நிரூபிக்கணும். அதனால அப்ப அவர் ஊர்லதான் இருந்தாருன்னு காட்ட, அவர் பாஸ்போர்ட்ல இமிகிரேஷன் சீல் குத்துன பக்கத்த போட்டோ எடுத்து வைங்க, டிக்கெட்ட தூக்கிப் போடாதீங்க.

கேட்டவுடனே டெஸ்டுக்கு உத்தரவு போடக்கூடாதுன்னு 2023லயும் சுப்ரீம் கோர்ட் சொல்லிருக்கு. ஆனா கோர்ட் உத்தரவுப்படி எடுத்து அவர் புள்ள இல்லன்னு ரிசல்ட் வந்துட்டா, அதுதான் நிக்கும்னு 2014 நந்தலால் கேஸ்ல சொல்லிட்டாங்க, அதனால வக்கீல கேக்காம எதுக்கும் தலையாட்டாதீங்க.

அடிபட்டு ஜி.எச். போனா, தயவுசெஞ்சு "பாத்ரூம்ல வழுக்கி விழுந்தேன்"னு சொல்லாதீங்க, ஏ.ஆர். காப்பில, அதாவது காயம் எப்படி ஆச்சுன்னு ஆஸ்பத்திரில பதியற சீட்டுல, அப்படியே எழுதிடுவாங்க, அப்பறம் கோர்ட்ல எங்கள மாதிரி வக்கீலால ஒண்ணும் பண்ண முடியல. மகளிர் ஸ்டேஷன்ல மனு குடுத்தா மனு வாங்குனதுக்கு போலீஸ் குடுக்கற சி.எஸ்.ஆர். ரசீது வாங்காம எந்திரிக்காதீங்க. மாவட்ட சமூக நல அலுவலகத்துல பாதுகாப்பு அலுவலர் இருப்பாங்க, 2005 குடும்ப வன்முறை சட்டத்துல அவங்க மூலமாவே மனு போடலாம். நடத்தை மேல பழி சொல்றதும் அதுல வன்முறைதான், வீடு மாமியார் பேர்ல இருந்தாலும் சும்மா வெளிய தள்ளிட முடியாது. அவசரம்னா பெண்கள் உதவி நம்பர் 181க்கு போன் போடுங்க. வக்கீலுக்கு காசு இல்லன்னா சட்ட உதவி நம்பர் 15100, பொம்பளைங்களுக்கு வருமானம் பாக்காம இலவசம்.

என்னக்கா, "அவர் துபாய்லயே ஒக்காந்துட்டா?"வா? ஜீவனாம்ச கேஸ நீங்க இருக்கற ஊர்லயே போடலாம், வேணும்னே நோட்டீஸ் வாங்காம தட்டிக் கழிச்சா அவர் இல்லாமயே நடத்தி உத்தரவு போடலாம்.