அகமதாபாத் பழைய ஊர் நடை: கைடு வேணுமா, மேப் போதுமா?

அடுத்த கேள்வி. "நவம்பர் கடைசியில குடும்பத்தோட அகமதாபாத் போறோம். அங்க பழைய ஊருக்குள்ள காலையில ஹெரிடேஜ் வாக் நடக்குதுன்னு கேள்விப்பட்டோம். கைடு கண்டிப்பா வேணுமா, இல்ல போன்ல மேப்பைப் பார்த்து நாங்களே சுத்திடலாமா? அம்மாவுக்கு 65 வயசு, முட்டி வலி இருக்கு. அவங்களால முடியுமா?" அப்படின்னு கேட்டிருக்காங்க.

முதல் பாதிக்கு ஒரே வார்த்தையில பதில்: கைடு வேணும். எல்லா ஊருக்கும் இப்படிச் சொல்ல மாட்டோம். ஜெய்ப்பூர் மாதிரி நேர் நேரா வீதி போட்ட ஊர்ல மேப்பை வச்சே சமாளிச்சிடலாம். அகமதாபாத் பழைய ஊர் அப்படி இல்ல. அங்க குடியிருப்பு எல்லாமே "போள்". ஒரு வாசல், அந்த வாசலுக்கு மேல காவல்காரர் இருக்க ஒரு சின்ன அறை, அந்தக் காலத்துல ராத்திரியானா கதவைச் சாத்திடுவாங்க. உள்ள போனா ஒரு தெரு, அதுலேருந்து கிளை கிளையா சந்து. பல சந்து முட்டுச்சந்துதான். வெளியாள் உள்ள வந்தா சுலபமா வெளிய போகக் கூடாது, அதுதான் கணக்கு. பயந்த காலத்துல கட்டின அமைப்பு.

அப்ப உள்ள இருக்கிறவங்களுக்கு ஆபத்துன்னா எங்க ஓடுவாங்க? அதுக்கு ஒரு போள்லேருந்து இன்னொரு போளுக்குப் போக ரகசிய வழி வச்சிருக்காங்க. பார்த்தா யாரோ ஒருத்தர் வீட்டு நடை மாதிரி இருக்கும். நுழைஞ்சு நாலு எட்டு வச்சா வேற தெருவுல நிப்பீங்க. இந்த வழி மேப்புல வராது. வந்தாலும் அடுத்தவங்க வீட்டு வாசல்ல நுழைய நமக்குக் கால் வராது. கைடு கூட இருந்தா அந்தத் தெருக்காரங்களே "வாங்க"ன்னு வழி விடுவாங்க. கைடுக்குக் கொடுக்கிற காசுல பாதி இதுக்குத்தான்னு வச்சுக்குங்க.

இந்த நடையை மாநகராட்சியே நடத்துது. 1997 நவம்பர்ல ஆரம்பிச்சது. 2017ல யுனெஸ்கோ அகமதாபாத்தை உலகப் பாரம்பரிய நகரமா அறிவிச்சப்ப, அந்தப் பேரு கிடைச்ச முதல் இந்திய நகரம் அதுதான். காலுப்பூர் ஸ்வாமிநாராயண் கோவில்ல ஆரம்பிச்சு ஜும்மா மசூதியில முடியும். காலை 8 மணிக்குக் கிளம்புவாங்க, கிட்டத்தட்ட இரண்டரை மணி நேரம். கிளம்பறதுக்கு முன்னாடி கோவில் வளாகத்துலயே ஒரு சின்னப் படக்காட்சி உண்டு, அதனால 7.40க்கு அங்க இருக்கணும். கட்டணம் இந்தியருக்கு ஒண்ணு, வெளிநாட்டவருக்கு ஒண்ணு. முன்பதிவு பண்ணும்போதே அன்னிக்கு என்ன ரேட்டுன்னு பார்த்துக்குங்க, பழைய வீடியோவுல சொன்ன தொகையை நம்பிப் போகாதீங்க.

இங்கதான் நிறையப் பேரு கோட்டை விடறாங்க. ஆட்டோக்காரர்கிட்ட "ஸ்வாமிநாராயண் மந்திர்"னு மட்டும் சொன்னா, ஷாஹிபாக்ல இருக்கிற பெரிய கோவிலுக்குக் கொண்டுபோய் விட்டுடுவார். இன்னும் சிலர் காந்திநகர் அக்ஷர்தாமோட குழப்பிக்கிறாங்க, அது வேற ஊரே. "காலுப்பூர் மந்திர்"னு அழுத்திச் சொல்லணும். சென்னையிலேருந்து நவஜீவன் எக்ஸ்பிரஸ்ல போறவங்க இறங்கற அகமதாபாத் ஜங்ஷனே காலுப்பூர்லதான் இருக்கு, அங்கேருந்து கோவில் பக்கம். மெட்ரோன்னா காலுப்பூர் ரயில் நிலையம்ங்கிற ஸ்டேஷன்ல இறங்கணும். தாமதமாப் போனா என்ன ஆகும்? குழு போள்குள்ள போயிடும். அப்புறம் போன்ல கைடு வழி சொன்னாலும் கண்டுபிடிக்க முடியாது. காரணம் மேல சொன்னதுதான்.

இப்ப அம்மா விஷயம். தூரம் பயப்படற மாதிரி இல்ல, மூணு கிலோமீட்டருக்குள்ள முடிஞ்சிடும். சிரமம் நடக்கிறதுல இல்ல, நிக்கிறதுல. இருபது இடத்துல நிறுத்தி நிறுத்தி விளக்கம் சொல்வாங்க, ஒவ்வொண்ணுக்கும் அஞ்சு நிமிஷம் நின்னா முட்டி பிடிச்சுக்கும். தரை வேற கல்லு பாவினது, அங்கங்க பெயர்ந்து கிடக்கும். நடுவுல சாக்கடை மூடி மேல கீழ இருக்கும். ஜைனக் கோவிலுக்கு, அங்க "தேராசர்"னு சொல்வாங்க, வாசல்படி கொஞ்சம் உயரம்.

நம்ம யோசனை இரண்டு. ஒண்ணு, குழுவா போகாம தனி கைடு வச்சுக்கிறது. செலவு கூடத்தான், ஆனா அம்மா உட்காரணும்னா உட்காரலாம். அந்த வீடுகள்ல வாசல்ல "ஓட்லோ"ன்னு இருக்கும், நம்ம திண்ணைதான், அச்சு அசலா. வீட்டுக்காரங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு உட்கார்ந்தா யாரும் ஒண்ணும் சொல்றதில்ல. இன்னொண்ணு, குழுவோடயே போய், முடியலன்னா பாதியில கழண்டுக்கிறது. அதுக்கும் இடம் உண்டு. நடை ரிலீஃப் ரோட்டைத் தாண்டும்போது ஒரு தடவை, காந்தி ரோடு ஃபெர்னாண்டஸ் பாலத்துக்கிட்ட ஒரு தடவை பெரிய ரோடு வரும். அந்த இரண்டு இடத்துலயும் ஆட்டோ கிடைக்கும். நடுவுல போளுக்குள்ள இருக்கும்போது "என்னால முடியல"ன்னா ஆட்டோ உள்ள வராது. அதனால ரிலீஃப் ரோட்டுலயே அம்மாகிட்ட ஒரு தடவை கேட்டுடுங்க.

செருப்பு. இதை நிறையப் பேரு அலட்சியமா விடறாங்க. ஆரம்பிக்கிற கோவில், நடுவுல தேராசர்கள், கடைசியில மசூதின்னு நாலஞ்சு தடவை கழட்டி மாட்டணும். லேஸ் கட்டற ஷூ போட்டுட்டுப் போனவங்க ஒவ்வொரு தடவையும் குழுவுக்குப் பின்னாடி ஓடணும். பின்பக்கம் வார் இல்லாத, கையால தொடாம கழட்டற செருப்பு போதும். அதுவும் தோல் வேணாம். ஜைனக் கோவிலுக்குள்ள தோல் பொருளே கூடாது, பெல்ட், மணிபர்ஸ் உட்பட. துணிப்பை ஒண்ணு எடுத்துக்குங்க. பையில ஒரு ஜோடி காலுறை போட்டுக்குங்க. நவம்பர்ல அவ்வளவு தேவைப்படாது, ஆனா இதே வீடியோவைப் பார்த்துட்டு ஏப்ரல்ல போறவங்களுக்குச் சொல்றேன்: மசூதிக்குப் போய்ச் சேரும்போது மணி பத்தரை, அந்த முற்றம் திறந்த வெளி, கல் காய்ஞ்சு கிடக்கும். தோளும் முழங்காலும் மூடின உடுப்பு எல்லாருக்கும் பொது. மாதவிடாய் நாள்ல பெண்கள் வர வேண்டாம்னு பல தேராசர் வாசல்ல அறிவிப்பு இருக்கும். நமக்கு அதுல என்ன கருத்து இருந்தாலும், அது அவங்க கோவில். வெளிய நின்னாலும் மர வேலைப்பாடு தெரியும்.

சரி, என்னத்தைப் பார்க்கணும்? கோவில்ல ஆரம்பிச்சு மசூதியில முடியறதால அந்த இரண்டும்தான் முக்கியம்னு நினைச்சு, நடுவுல இருக்கிறதை வேகமாத் தாண்டிடறாங்க. சொல்லப்போனா நடுவுல இருக்கிறதுதான் சரக்கு. கோவில் 1822ல கட்டினது, ஸ்வாமிநாராயண் மரபுல முதல் கோவில், வர்ணம் பூசின மரச் செதுக்கு வாசல் அழகா இருக்கும். ஆனா கோவிலை நீங்க சாயங்காலம் தனியாவும் போய்ப் பார்க்கலாம். போளை அப்படிப் பார்க்க முடியாது.

போள்ல முதல்ல கண்ணுல படறது "சபூத்ரோ". உயரமான கம்பம், மேல செதுக்கின மேடை, அதுல தானியம் போட்டு வைப்பாங்க. நம்ம ஊர் புறா மாடம் வளர்க்கிறதுக்கு, இது தீனி போட மட்டும். மரமே இல்லாத நெருக்கமான தெருவுல பறவைக்கு இடம் ஒதுக்கியிருக்காங்க. சில வீட்டுச் சுவர்ல கிளிக்குன்னு பொந்து கூட விட்டிருக்கும், கைடு காட்டாம கண்ணுல படாது.

அடுத்தது "டாங்கா". இதைக் காட்டச் சொல்லிக் கேளுங்க, சில கைடு நேரமில்லன்னு விட்டுடுவாங்க. வீட்டு நடு முற்றத்துக்குக் கீழ சுண்ணாம்பு பூசின நிலத்தடித் தொட்டி. மழைக்கு முன்னாடி மொட்டை மாடியைச் சுத்தம் பண்ணுவாங்க. முதல் மழைத் தண்ணியை வெளிய விட்டுட்டு, அப்புறம் விழற தண்ணியை மட்டும் குழாய் வழியா தொட்டிக்குத் திருப்புவாங்க. வெளிச்சம் படாததால பாசி பிடிக்காது. அந்தத் தண்ணியை வருஷம் பூரா குடிக்க வச்சிருந்தாங்க. நாம இப்ப அரசாணை போட்டுக் கட்டற மழைநீர் சேகரிப்புத்தான், அங்க வீட்டோட சேர்ந்தே பிறந்திருக்கு.

மூணாவது, சுவர். சாதாரணமா பார்த்தா செங்கல் வீடு. கிட்டப் போய்ப் பாருங்க, செங்கல் வரிசைக்கு நடுவுல படுக்கையா மரச் சட்டம் ஓடும். பூமி ஆடினா மரம் வளைஞ்சு கொடுக்கும், சுவர் மொத்தமா சரியாது. 2001 ஜனவரி 26 பூகம்பத்துல அந்த ஊர்ல புது அடுக்குமாடிக் கட்டடங்கள் பல இடிஞ்சு விழுந்துச்சு, பழைய மர வீடுகள் நிறைய நின்னுச்சு. அப்புறம் தூணுக்கு மேல தாங்குகட்டை பாருங்க. மராட்டியர் 1758லேருந்து 1817 வரைக்கும் இந்த ஊரைக் கையில வச்சிருந்தாங்க, அதுக்கப்புறம் ஆங்கிலேயர். ஒரு தெருவுக்குள்ளேயே செதுக்கற பாணி மாறிக்கிட்டே வரும். ஹர்குன்வர் சேட்டாணிங்கிற அம்மாவோட ஹவேலி, அதாவது பெரிய மாளிகை வீடு, அது முன்னாடி நிக்கும்போது இதை நிதானமாப் பாருங்க. ஊருக்கு வடக்க தில்லி தர்வாசாவுக்கு வெளிய 1848ல முடிஞ்ச ஹத்தீசிங் ஜைனக் கோவில் இருக்கே, புருஷன் போனப்புறம் அந்தக் கட்டட வேலையை நின்னு முடிச்சது இந்த ஹர்குன்வர் சேட்டாணிதான்.

ஹாஜா படேல் போள்ல காலா ராம்ஜி கோவில் வரும். கருங்கல் ராமர், வில்லோட நிக்காம சம்மணம் போட்டு உட்கார்ந்திருப்பார். உள்ள போட்டோ எடுக்கறதைப் பத்திக் கைடுகிட்ட கேட்டுக்குங்க. பொதுவாவே போட்டோ விஷயத்துல ஒண்ணு: இது மியூசியம் இல்ல, ஆளு குடியிருக்கிற தெரு. காலையில பல் தேய்க்கிறவங்க, துணி காயப் போடறவங்க முகத்துல கேமராவை நீட்டாதீங்க. "போட்டோ பாடும்?"னு கேட்டா போதும். குஜராத்தியில போட்டோவை எடுக்கிறதில்ல, "பாடறது"தான்! பெரும்பாலும் சிரிச்சுக்கிட்டே சரின்னுடுவாங்க.

கைடு பேசறது இந்தி, இங்கிலீஷ், குஜராத்தி. குழுவுல முக்கால்வாசிப் பேரு இந்தின்னா கைடு தன்னையறியாம அதுக்கே போயிடுவார். உங்களுக்கு இங்கிலீஷ்தான் வேணும்னா படக்காட்சி முடிஞ்ச உடனே சொல்லிடுங்க. குழு இருபது பேருக்கு மேல இருந்தா முன்னாடியே நடங்க. வாலுல நடந்தா ஸ்கூட்டர் ஹாரன்தான் கேட்கும்.

கடைசிப் பகுதி மாணேக் சௌக். இங்க ஒரு ஏமாற்றம் காத்திருக்கும், முன்னாடியே சொல்லிடறேன். வீடியோவுல பார்த்த சாப்பாட்டுக் கடை ஒண்ணும் இருக்காது. அந்தச் சதுக்கம் காலையில மாட்டுக்குப் புல்லு போடற இடம், பகல்ல நகைக்கடை வீதி, நகைக்கடை மூடினப்புறம்தான் தோசைக்கல்லும் சாண்ட்விச்சும் வரும். அதுக்கு ராத்திரி ஒன்பது மணிக்குத் தனியா ஒரு தடவை வாங்க. பக்கத்துல பழைய பங்குச் சந்தைக் கட்டடம் இருக்கு. 1894ல தொடங்கின சந்தை, பம்பாய்க்கு அடுத்து நாட்டுலயே பழசு. பாத்ஷா ஹஜீரோன்னு ஊரை நிறுவின அகமது ஷாவோட சமாதி, அங்க உள் அறைக்குப் பெண்களை விடறதில்ல. எதிர்ல ராணி ஹஜீரோ, ராணிகளோட சமாதி. அதைச் சுத்தி முழுக்கத் துணிக்கடை, நவராத்திரிக்குப் போடற சனியா சோளி (பாவாடை, ரவிக்கை) எல்லாம் அங்கதான் தொங்கும். பேரம் பேசணும்னா நடை முடிஞ்சப்புறம் வாங்க, கைடை நிக்க வைக்காதீங்க.

ஜும்மா மசூதி 1424. 260 தூண், 15 குவிமாடம். முன்னாடி இருக்கிற இரண்டு மினார் பாதியோட நிக்கறதைப் பார்த்து கட்டி முடிக்கலையோன்னு நினைப்பீங்க. 1819 கச்சு பூகம்பத்துல மேல் பாதி விழுந்துடுச்சு. தூண் வேலைப்பாட்டுல கோவில் சிற்பிகளோட கை நல்லாத் தெரியும், அதைக் கைடு சொல்றதுக்கு முன்னாடி நீங்களே ஒரு நிமிஷம் பாருங்க.

நீங்க போறது நவம்பர் கடைசி, நல்ல நேரம். தீபாவளிக்கப்புறம் அஞ்சாம் நாள் வர்ற லாப பஞ்சமி வரைக்கும் கடைவீதி மூடியிருக்கும், உங்களுக்கு அது தாண்டிடும். சாப்பாடு முன்னாடி லேசா போதும், இரண்டு வாழைப்பழம் மாதிரி. முடிச்சுட்டு ஃபாஃப்டா (கடலைமாவுப் பொரியல் பலகாரம்), ஜிலேபி சாப்பிடலாம், கூட சம்பாரோன்னு பப்பாளிக்காய்த் தொட்டுக்கையும் பொரிச்ச மிளகாயும் வரும். ஒரு லிட்டர் தண்ணி எடுத்துக்குங்க, ஆனா தேராசர் உள்ள குடிக்கக் கூடாது.

அம்மாவோட திரும்பும்போது மாணேக் சௌக் உள்ள நின்னு ஆட்டோ தேடாதீங்க, அந்த நெரிசல்ல ஆட்டோ நகராது. மசூதியிலேருந்து காந்தி ரோட்டுக்கு வந்து மேற்கால தீன் தர்வாசாங்கிற மூணு வளைவு வாசல் பக்கம் மெதுவா நடந்தா வண்டி கிடைக்கும். மெட்ரோவுக்கு கீகாண்டா ஸ்டேஷன், அம்மாவை அது வரைக்கும் நடக்க விடாம ஆட்டோவுலயே போயிடுங்க.