பாம்புக்கடியில் பிழைத்தவர் பேசும்போது

திருநெல்வேலி வானொலி நேயர்களுக்கு வணக்கம். பாம்புக்கடியில் பிழைத்தவரை ஊர்க் கூட்டத்தில் பேசவைக்க நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள்.

பிசான நெல் அறுவடைக் காலத்தில் சேரன்மகாதேவி, களக்காடு பக்கத்து டீக்கடைகளில் ஒரு பேச்சு அடிக்கடி அடிபடும்: "பாம்பு கடிச்சுது, பச்சிலை குடிச்சான், பிழைச்சுக்கிட்டான்." இதுவும் பிழைத்தவர் கதைதான். கடித்தது விஷமில்லாத பாம்பாக இருந்திருக்கும். விஷப்பாம்பே கடித்தாலும் சில நேரம் விஷம் இறங்குவதில்லை. பச்சிலையை நம்பி இறந்தவர் திரும்பி வந்து பேசப்போவதில்லை. அதனால் அந்தக் கதைக்கு எதிர்ப்பேச்சும் இல்லை.

அந்த எதிர்ப்பேச்சுக்குத்தான் ஆஸ்பத்திரியில் பிழைத்தவர் வேண்டும். அவருடைய துணிச்சலைப் பற்றிக் கேட்காதீர்கள். கடிபட்டது எத்தனை மணி, விஷமுறிவு ஊசி போட்டது எத்தனை மணி, நடுவில் எங்கெல்லாம் நின்றார்? அந்த நடுப்பொழுதில்தான் ஊருக்கு வேண்டிய பாடம் இருக்கிறது. கட்டுவிரியன் கதையென்றால் இன்னும் நல்லது. ராத்திரி தரையில் படுத்தவருக்குப் பெரும்பாலும் கடித்த வலியே தெரியாது, தடமும் இருக்காது. விடியற்காலம் வயிற்றைப் பிசையும். வாயுக்கோளாறு என்று சோடா குடிப்பார். பிறகு கண் இமை இறங்கும். "இமையைத் தூக்க முடியலை" என்று அவர் வாயால் கேட்டவர்கள் மறக்கமாட்டார்கள்.

பக்கத்தில் ஒரு நர்ஸ் உட்கார வேண்டும், வில்லுப்பாட்டில் 'ஆமா' போடுவதற்கு அல்ல. "கயிறு இறுக்கிக் கட்டினேன்" என்று அவர் சொன்னால், ரத்த ஓட்டம் நின்று காலே போகலாம் என்று நர்ஸ் அங்கேயே சொல்லிவிட வேண்டும். கண்ணாடி விரியன் என்றால், 2 மில்லி ரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் 20 நிமிடம் அசைக்காமல் வைத்து, விஷம் ரத்தத்தை உறையவிடாமல் செய்திருக்கிறதா என்று ஆஸ்பத்திரியில் பார்ப்பதை விளக்கலாம்.

ஒரே ஆளைப் பத்து ஊருக்குக் கூட்டிப்போனால், அவர் கதையில் பாம்பு நீளும், ஆஸ்பத்திரிக்குப் போன நேரம் குறுகும். டிஸ்சார்ஜ் சீட்டைப் பார்த்து மணியைக் குறித்துக்கொள்ளுங்கள். பேச்சு நாலு நிமிடம் போதும். அழுகிய காலின் படத்தைக் காட்டவேண்டாம். ஊசியால்தான் அப்படி ஆனது என்று நினைப்பவர் உண்டு.

2024இல் தமிழக அரசு பாம்புக்கடியை அறிவிக்கவேண்டிய நோயாக்கியது, அதாவது கடிபட்டு வருபவரைப் பற்றி ஆஸ்பத்திரி அரசுக்குத் தெரிவிக்க வேண்டும். அப்படித் தெரிவித்தவர்களின் பட்டியலை வைத்துப் பேச ஆள் தேடுவது தவறு. நர்ஸ் மூலம் கேளுங்கள். குரலும் படமும் எங்கே போகும் என்பதை முன்பே சொல்லுங்கள். பிறகு அவர் வேண்டாம் என்றால் நீக்கிவிடுங்கள்.

பேச்சு முடிந்ததும் கூட்டத்தைக் கலையவிடாதீர்கள். விஷமுறிவு ஊசி ராத்திரியிலும் கிடைக்கும் ஆஸ்பத்திரி எது, 108 வரத் தாமதமானால் யாருடைய வண்டி? பைக்கென்றால் கடிபட்டவர் நடுவில். பின்னால் ஒருவர் பிடித்துக்கொள்ள வேண்டும். அந்த மூன்று பேரில் ஓட்டுவது யார் என்பதை அன்றைக்கே பேசி முடியுங்கள்.