சாம்பியன் ஆன மறுநாள்

நேயர்களுக்கு வணக்கம்.

இன்று போக்கிமான் கேம்களைப் பற்றிப் பேசப் போகிறேன். போக்கிமான் என்ற கற்பனை உயிரினங்களைப் பிடித்து, வளர்த்து, மோதவிடும் வீடியோ கேம்கள் அவை. கேமின் கதையைப் பற்றி அல்ல, கதை முடிந்த மறுநாளைப் பற்றி.

ஊர் ஊராக ஜிம் என்ற சண்டைக் கூடங்களில் வென்று வாங்கிய எட்டு பாட்ஜ்களும் கையில் இருக்கின்றன. எலைட் ஃபோர் என்ற அந்த நான்கு பேரையும், கடைசியில் நின்ற சாம்பியனையும் வென்றாயிற்று. உங்கள் ஆறு போக்கிமான்களும் ஒவ்வொன்றாகத் திரையில் வந்து நின்றன, கேமை உருவாக்கியவர்களின் பெயர்கள் ஓடி முடிந்தன. மறுபடி ஆன் செய்தால் புறப்பட்ட ஊரிலேயே நிற்கிறீர்கள். எங்கே போக வேண்டும், யாரைத் தடுக்க வேண்டும் என்று சொல்ல ஒருவரும் இல்லை. அந்த இடத்தில்தான் பலர் கேமை மூடி வைத்துவிடுகிறார்கள். "முடிச்சாச்சு, இனிமே என்ன இருக்கு?" என்று என்னிடம் கேட்டவர்கள் நிறைய. இந்த உரை அவர்களுக்காக.

என் பதில் ஒன்றுதான்: வந்த வழியே திரும்பி நடங்கள். கதை ஓடும்போது நாம் ஊர்களைப் பார்ப்பதே இல்லை. அடுத்த ஜிம் எங்கே, அடுத்த கதவு எப்போது திறக்கும் என்றே கண் போகும். இந்தக் கேம்களைச் செய்தவர்களுக்கு அது தெரியும். அதனால் நல்ல பொருள்கள் பலவற்றை வழியோரத்தில், பின்னால் வருகிறவனுக்கென்று வைத்திருக்கிறார்கள்.

1996 பிப்ரவரியில் ஜப்பானில் வந்த முதல் கேம்களிலேயே இதைப் பார்க்கலாம். சின்னபார் தீவில் பாழடைந்த ஒரு மாளிகை. அங்கே கிடக்கும் நாட்குறிப்புகளில் மியூ என்ற அரிய போக்கிமானைப் பற்றியும், அதற்குப் பிறந்த குட்டிக்கு மியூடூ என்று பெயர் வைத்ததைப் பற்றியும், அதை அடக்க முடியாமல் போனதைப் பற்றியும் எழுதியிருக்கும். கதையில் அதற்கு மேல் எதுவும் நடக்காது. செருலியன் ஊர்ப் பக்கம் ஒரு குகை உண்டு. நீங்கள் சாம்பியன் ஆகும்வரை ஒருவர் அதன் வாசலை மறித்துக்கொண்டு நிற்பார். ஆன பிறகு போனால் ஆள் இருக்க மாட்டார். குகையின் அடியாழத்தில் மியூடூ, லெவல் 70. முழுக் கேமின் மிகப் பெரிய ரகசியத்தைக் கதைக்கு வெளியே வைத்துவிட்டார்கள்! அதைப் பிடிக்கப் போகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். போக்கிமானைப் பிடிக்க எறியும் பந்துகளில் தவறவே தவறாத மாஸ்டர் பால் உங்களிடம் ஒன்றே ஒன்று இருக்கும், அதைத் தொடாதீர்கள். மியூடூவின் முன்னால் நின்று சேவ் செய்துகொண்டு, தூங்க வைத்து, உயிரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, அல்ட்ரா பால் என்ற அடுத்த தரப் பந்துகளை எறிந்து பாருங்கள். ஒரு மணி நேரம் ஆகலாம். ஆனால் அந்த ஒரு மணி நேரம் மறக்காது.

1999 இல் வந்த கோல்டு, சில்வர் கேம்கள் இன்னும் ஒரு படி மேலே போயின. ஜோட்டோ என்ற நிலப்பகுதியில் எட்டு பாட்ஜ் வாங்கிச் சாம்பியன் ஆகிறீர்கள். அப்புறம் ஒரு கப்பல் ஏறினால், போய் இறங்குவது முதல் கேமின் நிலமான காண்டோவில். அங்கே இன்னும் எட்டு ஜிம்கள். ஆனால் எனக்கு ஜிம்களைவிடப் பெரிதாகப்பட்டது அந்த ஊர்கள் மாறியிருந்த விதம். நடுவில் மூன்று ஆண்டுகள் ஓடிவிட்டதாகக் கதை. அந்த மாளிகை இருந்த சின்னபார் தீவு எரிமலை வெடித்து அழிந்து கிடக்கிறது. முதல் கேமில் நம்மோடு போட்டி போட்ட பையன், ஒன்றுமில்லாத அந்தத் தீவில் தனியாக நின்றுகொண்டிருக்கிறான். லாவெண்டர் டவுனில் இறந்த போக்கிமான்களுக்கு நினைவிடமாக இருந்த கோபுரம் இப்போது வானொலி நிலையம்.

இந்த ஒலிபரப்புக் கூடத்தில் உட்கார்ந்திருப்பதால் அந்த நிலையத்தைப் பற்றிக் கொஞ்சம் கூடுதலாகச் சொல்ல ஆசை. காண்டோவில் வெர்மிலியன் ஊருக்கு வெளியே ஸ்னார்லாக்ஸ் என்ற பெரிய போக்கிமான் ஒரு குகை வாசலை அடைத்துக்கொண்டு தூங்கும். அடித்தாலும் எழாது. மின் நிலையத்தில் திருடுபோன இயந்திரப் பாகத்தைத் தேடிக் கண்டுபிடித்துக் கொடுத்தால், லாவெண்டர் வானொலி நிலையத்தின் இயக்குநர் நன்றியாக ஒரு கார்டு தருவார். அதைப் போட்டால் உங்கள் கையிலுள்ள ரேடியோவில் காண்டோவின் அலைவரிசைகள் கேட்கும். அவற்றில் ஒன்றில் புல்லாங்குழல். அந்த நிகழ்ச்சியை வைத்துக்கொண்டு ஸ்னார்லாக்ஸ் பக்கத்தில் போய் நிற்க வேண்டும், அவ்வளவுதான், எழுந்துவிடும். வானொலி நிகழ்ச்சியால் ஒரு வழி திறப்பதை நான் வேறெந்தக் கேமிலும் பார்த்ததில்லை.

பதினாறு பாட்ஜும் சேர்ந்த பிறகு மவுண்ட் சில்வர். இருட்டான மலைக்குகை. அதன் உச்சியில் முதல் கேமின் நாயகன் ரெட் நிற்கிறான். முன்பு நீங்கள் ஆடிய அதே பையன். பேசினால் வெறும் புள்ளிகள்தான் வரும், ஒரு சொல்கூட இல்லை. அவனுடைய பிகாச்சு லெவல் 81. வென்றால் அவன் மறைந்துவிடுகிறான், பெயர்கள் இரண்டாம் முறை ஓடுகின்றன. என்னைக் கேட்டால் அந்தக் கேமின் உண்மையான முடிவு அதுதான்.

சரி, நடந்து பார்த்தாயிற்று. அடுத்து போக்கிடெக்ஸ், அதாவது பிடித்தவற்றின் பதிவேடு. முதல் கேமில் 151 வகை, இன்றைக்கு ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. எல்லாவற்றையும் பிடிப்பதா என்று மலைக்க வேண்டாம். ஒரு கேமின் பட்டியலை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், 2022 இல் வந்த ஸ்கார்லெட்டில் அது 400. முதலில் உங்கள் பெட்டிகளைத் திறந்து பாருங்கள். பிடித்து மறந்துபோனவை அங்கே எவால்வ் ஆகாமலே, அதாவது அடுத்த உருவத்துக்கு மாறாமலே கிடக்கும். சிலவற்றுக்கு லெவல் ஏறினால் போதும், சிலவற்றுக்குக் கல் வேண்டும், சில பாசம் வைத்தால்தான் மாறும். மலிவான வேலை இது, ஒரு வாரத்தில் பட்டியல் சரசரவென்று நிறையும்.

அதற்குப் பிறகு நின்றுபோகும். நிற்க வைத்ததே வேண்டுமென்றுதான். இந்தக் கேமை உருவாக்கிய சதோஷி தாஜிரி சிறுவயதில் பூச்சி பிடித்துச் சேர்த்தவர். கேம் பாய் என்ற கையடக்கக் கேம் கருவிகள் இரண்டை இணைக்கும் கேபிளைப் பார்த்தபோது, அதன் வழியே பூச்சிகள் ஊர்ந்து போவதுபோல அவருக்குத் தோன்றியதாம். அந்தக் கற்பனையின் அடையாளம் கேம் முழுக்க இருக்கிறது. சில போக்கிமான்கள் முதல் கேமின் ரெட் என்ற பதிப்பில் மட்டும் கிடைக்கும், சில இன்னொரு பதிப்பில் மட்டும். முதலில் கிடைக்கும் மூன்றில் ஒன்றைத்தான் எடுக்கலாம். ஹாண்டர் கெங்கராக வேண்டுமானால், மச்சோக் மச்சாம்ப்பாக வேண்டுமானால், இன்னொரு ஆட்டக்காரருக்கு டிரேட் செய்தே, அதாவது மாற்றிக்கொண்டே ஆக வேண்டும். தனியாக உட்கார்ந்து முடிக்கவே முடியாது. ஆகவே ஓர் ஆளைத் தேடுங்கள். என் அனுபவத்தில் "உன்னிடம் எது இல்லை?" என்று கேட்பதைப்போல நட்பைத் தொடங்கும் கேள்வி வேறில்லை.

முதல் கேமில் பட்டியலை நிறைவு செய்தவர்கள் செலடான் ஊருக்குப் போக வேண்டும். அங்கே ஒரு கட்டடத்தில் கேமை உருவாக்கிய குழுவே பாத்திரங்களாக உட்கார்ந்திருக்கும். 150 சேர்ந்துவிட்டால் ஒரு சான்றிதழ் தருவார்கள். பிந்திய கேம்களில் பட்டியலை முடித்தவர்களுக்குக் கிடைக்கும் ஷைனி சார்ம் என்ற பொருள் இன்னும் பயனுள்ளது.

ஷைனி என்பது வேறு நிறத்தில் தோன்றும் போக்கிமான். 2013 முதல் சாதாரணமாக அதற்கான வாய்ப்பு 4096 இல் ஒன்று. அதற்கு முன்னால் 8192 இல் ஒன்று. இதைத் தவறாகப் புரிந்துகொண்டு மனம் உடைந்தவர்களை எனக்குத் தெரியும். 4096 முறை பார்த்தால் கட்டாயம் ஒன்று வரும் என்று பொருள் அல்ல. அத்தனை முறை பார்த்த பிறகும் ஒன்றாவது வந்திருக்க நூற்றுக்கு ஏறத்தாழ 63தான் வாய்ப்பு. சார்ம் கையில் இருந்தால் வாய்ப்பு சுமார் மூன்று மடங்கு ஆகும். அதனால் பட்டியலை முடிக்கும்வரை ஷைனி வேட்டைக்குப் போகாதீர்கள். போனாலும், உங்களுக்கு உண்மையிலேயே பிடித்த ஒன்றுக்காகப் போங்கள்.

இப்போது எனக்கு மிகவும் முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். கதை முடிந்ததும் போட்டி ஆட்டத்தில் இறங்குகிறவர்கள், தங்களோடு நடந்துவந்த ஆறு போக்கிமான்களையும் பெட்டியில் போட்டுவிட்டு, முட்டைகளிலிருந்து புதிய குஞ்சுகளைப் பொரிக்கத் தொடங்குவார்கள். காரணம் உண்டு. ஒவ்வொரு போக்கிமானுக்கும் பிறவியிலேயே ஆறு திறன்களுக்கு ஐவி என்ற மறைவான எண்கள், ஒவ்வொன்றும் 0 முதல் 31 வரை. நேச்சர் என்ற குணம் 25 வகை, அவற்றில் பெரும்பாலானவை ஒரு திறனைக் கூட்டி இன்னொன்றைக் குறைக்கும். சண்டையில் சேர்வது ஈவி: மொத்தம் 510 புள்ளிகள், ஒரே திறனுக்கு அதிகபட்சம் 252. கதையில் எதிர்ப்பட்டதையெல்லாம் அடித்து வளர்ந்த போக்கிமானுக்கு இந்த ஈவி நாலாபக்கமும் சிதறிக் கிடக்கும். ஒரு காலத்தில் அதனால்தான் புதிதாக ஒன்றைப் பெற்றெடுத்து வளர்த்தார்கள்.

இன்றைக்கு அந்தத் தேவை இல்லை. சில பெர்ரிகளைக் கொடுத்தால் சிதறிய ஈவி குறையும், பிறகு வேண்டிய இடத்தில் சேர்க்கலாம். 2016 முதல் ஹைப்பர் டிரெயினிங் இருக்கிறது, அதில் ஐவி உச்சத்தில் இருப்பதுபோல ஆக்கலாம். முதலில் லெவல் 100 ஆனால்தான் முடியும் என்று இருந்தது, ஸ்கார்லெட்டில் 50 போதும். 2019 முதல் மின்ட் கொடுத்து நேச்சரின் பலனையும் மாற்றலாம். அதிகாரப்பூர்வப் போட்டிகளில் ஆறைக் கொண்டுபோய் நான்கைத் தேர்ந்தெடுத்து, இரண்டிரண்டாக மோதுவார்கள். எல்லாம் லெவல் 50 ஆகவே கணக்கிடப்படும். ஆக, முதல் ஊரில் உங்களோடு புறப்பட்ட அந்த ஒன்றையே அங்கே இறக்கலாம். கதைக்கு அப்புறம் ஒரே ஒரு வேலைதான் செய்யப் போகிறீர்கள் என்றால் இதைச் செய்யுங்கள். அதன் சிதறலைச் சரிசெய்யும்போதுதான் அந்த எண்கள் என்ன சொல்கின்றன என்று புரியும்.

சண்டை பிடித்தவர்களுக்கு 2004 இல் வந்த எமரால்டில் பேட்டில் ஃபிரான்டியர் என்ற இடம் உண்டு. ஏழு அரங்குகள், ஒவ்வொன்றிலும் ஒரு விதி. பேலஸில் நீங்கள் கட்டளையே இட முடியாது, போக்கிமான் தன் குணப்படி தானே சண்டை போடும். எனக்குப் பிடித்தது ஃபேக்டரி. அங்கே உங்களுடையதைப் பயன்படுத்தக் கூடாது. அவர்கள் காட்டும் ஆறில் மூன்றை இரவலாக எடுத்து ஆட வேண்டும், ஒவ்வொரு வெற்றிக்குப் பிறகும் தோற்றவரின் ஒன்றோடு உங்களுடைய ஒன்றை மாற்றிக்கொள்ளலாம். நான் திரும்பிக்கூடப் பார்க்காத எத்தனையோ போக்கிமான்களின் அருமை எனக்கு அங்கேதான் தெரிந்தது.

மறுபடி முதலிலிருந்து ஆடலாம் என்பவர்களுக்கு நஸ்லாக் இருக்கிறது. 2010 இல் ஒரு ரசிகர் வரைந்த காமிக்ஸ் வழியே பரவிய விதி அது. ஒவ்வொரு பகுதியிலும் முதலில் எதிர்ப்படுவதை மட்டுமே பிடிக்கலாம், மயங்கி விழுந்தால் அது இறந்ததாகக் கணக்கு. முதல் கிராமத்துப் புறாவுக்காக மூச்சைப் பிடித்துக்கொண்டு ஆடுவீர்கள். ஆனால் புதிய ஆட்டம் தொடங்கும் முன் ஒரு நிமிடம் நில்லுங்கள். இந்தக் கேம்களில் பெரும்பாலும் ஒரே ஒரு சேவ்தான். புதியது தொடங்கினால் பழையவை எல்லாம் போய்விடும். முதலில் உங்கள் போக்கிமான்களை நண்பரிடமோ, போக்கிமான் ஹோம் என்ற இணையச் சேமிப்பகத்துக்கோ மாற்றிவிடுங்கள். பழைய கேம் அட்டைகளை வைத்திருப்பவர்கள் இன்னும் சீக்கிரம் செய்ய வேண்டும். கோல்டு, சில்வர் காலத்து அட்டைகளில் சேவ் செய்ததைக் காப்பது உள்ளேயிருக்கும் ஒரு சிறு பேட்டரி. அது தீர்ந்தால் சேவும் தீர்ந்தது.

என்னிடம் செப்டைல் என்ற போக்கிமான் ஒன்று இருக்கிறது. ரூபி கேமில் என் தம்பி வளர்த்தது. பெயர் பச்சை. ரூபியிலிருந்து டயமண்டுக்கு, அங்கிருந்து பிளாக்குக்கு, பிறகு போக்கிமான் பேங்க் வழியே ஹோமுக்கு என்று ஒவ்வொரு கருவியாகத் தாண்டிக் கொண்டுவந்தேன். திரும்பிப் போக முடியாத பயணம் அது, ஒவ்வொரு தடவையும் கை நடுங்கியது. இன்றும் அதன் பக்கத்தைத் திறந்தால் முதல் பயிற்சியாளர் பெயராகத் தம்பியின் பெயர்தான் நிற்கிறது, அவன் பள்ளி நாட்களில் அடித்த அதே எழுத்துகளில்.

இப்போது தம்பி மகள் ஸ்கார்லெட் ஆடுகிறாள். அந்தப் பச்சையைத் தனக்கு டிரேட் செய்யச் சொல்லிக் கேட்டிருக்கிறாள். அது லெவல் 100, பாட்ஜ் குறைவாக இருந்தால் அவள் பேச்சைக் கேட்காது. மூன்று பாட்ஜ் வாங்கியிருக்கிறாள். மீதி ஐந்தையும் வாங்கிய அன்று அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறேன்.

நன்றி, வணக்கம்.