திருத்தம் கிட்டுக்குள் எங்கே இருக்கிறது?

[திரை: ஒரு தமிழ்க் கட்டுரை. அதில் ஒரு சொல் மாற்றப்பட்டு, கமிட் செய்யப்படுகிறது.]

வணக்கம். கோப்புகளின் பதிப்புகளைச் சேமித்து வைக்கும் கருவி கிட். நாற்பது பக்கக் கட்டுரையில் ஒரே ஒரு சொல்லை மாற்றி, அந்தப் பதிப்பை அதில் பதிவு செய்துவிட்டு, அதாவது கமிட் செய்துவிட்டு, இரு பதிப்புகளின் வேறுபாட்டைக் காட்டும் டிஃப் கேட்டுப் பார்க்கிறோம். பழைய வரி சிவப்பிலும் புதிய வரி பச்சையிலும் வருகின்றன. இந்தச் சிவப்பும் பச்சையும்தான் கிட்டுக்குள் சேமிக்கப்பட்டிருக்கின்றன என்று பலர் எண்ணுகிறார்கள். ஆனால் கமிட் செய்தபோது கிட் எதையும் ஒப்பிட்டுச் சேமிக்கவில்லை. மாறிய கட்டுரையை முழுமையாக மீண்டும் ஒரு முறை எழுதி வைத்துக்கொண்டது.

முந்தைய கருவிகள் வேறு வழியில் சென்றன. 1972-இல் பெல் ஆய்வகத்தில் மார்க் ராக்கைண்ட் உருவாக்கிய எஸ்சிசிஎஸ், எல்லாப் பதிப்புகளின் வரிகளையும் ஒரே கோப்பில் பின்னி வைத்தது. பத்தாண்டுகள் கழித்துப் பர்டியூ பல்கலைக்கழகத்தில் வால்ட்டர் டிக்கி எழுதிய ஆர்சிஎஸ், கடைசிப் பதிப்பை மட்டும் முழுதாக வைத்துக்கொண்டு, அதிலிருந்து பின்னோக்கிச் செல்வதற்கான மாற்றக் குறிப்புகளை அடுக்கியது. அதிகம் கேட்கப்படுவது கடைசிப் பதிப்பே என்பதால், அது நல்ல முடிவு.

[திரை: கிட்டின் ஆப்ஜெக்ட்ஸ் கோப்புறை திறக்கிறது.]

2005 ஏப்ரலில் லைனஸ் டோர்வால்ட்ஸ் தொடங்கிய கிட், கோப்பின் உள்ளடக்கத்துக்கு முன்னால் 'ப்ளாப்' என்ற சொல்லையும் அதன் பைட் அளவையும் சேர்த்து, அந்த முழுத் தொடருக்கும் ஷா-1 முறையில், உள்ளடக்கத்தின் கைரேகை போன்ற 40 எழுத்து ஹாஷ் ஒன்றைக் கணக்கிடுகிறது. பிறகு ஸீலிப் லைப்ரரி அதைச் சுருக்கித் தருகிறது. ஹாஷின் முதல் 2 எழுத்துகள் கோப்புறையின் பெயராகவும், மீதி 38 எழுத்துகள் கோப்பின் பெயராகவும் ஆகின்றன. உள்ளடக்கம் மாறாத கோப்புக்கு அதே ஹாஷ்தான் கிடைக்கும் என்பதால், அது இரண்டாம் முறை எழுதப்படுவதில்லை.

அப்படியானால் ஒவ்வொரு திருத்தத்துக்கும் இடம் வீணாகாதா? இப்படி எழுதி வைக்கப்படும் ஆப்ஜெக்டுகள் பெருகும்போது கிட் அவற்றைப் பேக் கோப்பாகத் தொகுக்கிறது; அப்போது ஒன்றுக்கொன்று ஒத்த ஆப்ஜெக்டுகளைக் கண்டறிந்து, 'அதிலிருந்து இத்தனை பைட்டுகளை நகலெடு, இந்தப் பைட்டுகளைப் புதிதாகச் சேர்' என்ற வகைக் குறிப்புகளாகச் சுருக்குகிறது. இதற்கு வரி என்றால் என்னவென்றே தெரியாது. நாம் திரையில் காணும் டிஃபுக்கும் இதற்கும் உறவில்லை.

அந்த டிஃபை, நாம் கேட்கும் கணத்தில் கணக்கிட்டுத் தருவது எக்ஸ்டிஃப். டேவிடே லிபென்சி எழுதிய லிப்எக்ஸ்டிஃப் லைப்ரரியிலிருந்து எடுத்துக் கிட்டுக்கெனச் செதுக்கப்பட்ட நிரற்பகுதி இது. பிற மென்பொருள்கள் கிட்டின் வேலைகளைத் தமக்குள்ளேயே செய்ய உதவும் லிப்கிட்2 லைப்ரரியும் இதையே பயன்படுத்துகிறது. யூஜின் மையர்ஸ் 1986-இல் வெளியிட்ட முறைப்படி, ஒரு பதிப்பை மற்றொன்றாக மாற்றுவதற்கான மிகக் குறைந்த நீக்கல்களையும் சேர்க்கைகளையும் இது தேடுகிறது. இதன் அலகு வரி. ஆகவே ஒரு பத்தியை ஒரே நீண்ட வரியாக எழுதுபவருக்கு, ஒரு காற்புள்ளி மாறினாலும் பத்தி முழுவதும் சிவந்துபோகும். வாக்கியத்துக்கு ஒரு வரி என எழுதும் பழக்கம் இதற்கு நல்ல மருந்து. சொல் வாரியாக ஒப்பிடும் டிஃப் வசதியும் உண்டு.

[திரை: 'கொடி' என்ற சொல் அருகருகே இரு முறை. கீழே 12 பைட், 15 பைட்.]

தமிழில் எழுதுவோர் இந்த இடத்தில்தான் அதிகம் கவனிக்க வேண்டும். யூனிகோடில் 'கொ' என்னும் எழுத்தின் ஒகரக் குறியை ஒரே குறியீடாகவும் எழுதலாம். ஒற்றைக் கொம்பு, கால் என்று இரண்டு குறியீடுகளாகவும் எழுதலாம். கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. ஆனால் அந்தக் குறியீடுகளைப் பைட்டுகளாக எழுதும் யூடிஎஃப்-8 முறையில் 'கொடி' என்ற சொல்லுக்கு முதல் வகையில் 12 பைட்டுகளும், இரண்டாம் வகையில் 15 பைட்டுகளும் ஆகின்றன. எக்ஸ்டிஃப் பைட்டுகளையே ஒப்பிடுவதால், எதுவும் மாறாதது போலத் தோன்றும் வரி சிவப்பும் பச்சையுமாக வந்து நிற்கும். இருவர் வெவ்வேறு விசைப்பலகை மென்பொருள்களில் ஒரே ஆவணத்தைத் திருத்தும்போது, உண்மையான திருத்தங்கள் இந்தப் போலி மாற்றங்களுக்கு இடையே புதைந்துபோகின்றன. தவறு திருத்துபவருடையதும் அன்று, கிட்டினுடையதும் அன்று. கோப்பின் உள்ளடக்கத்தைத் தானாகச் சீராக்குவது கிட்டின் வேலையே அல்ல.

சீராக்கும் வேலையை நாம் அதற்குக் கற்றுக்கொடுக்கலாம். கோப்பு கமிட்டுக்கு ஆயத்தமாக்கப்படும்போது, அதாவது ஸ்டேஜ் செய்யப்படும்போது, அதன் உள்ளடக்கத்தை ஒரு நிரல் வழியே செலுத்தும் 'கிளீன் ஃபில்டர்' வசதி கிட்டில் உள்ளது. யூனிகோடைக் கையாளும் ஐசியு லைப்ரரியுடன் வரும் யூகான்வ் நிரலை அதில் அமர்த்தி, பிரிந்த குறியீடுகளை ஒன்றாக்கும் என்எஃப்சி வடிவத்துக்கு மாற்றச் சொன்னால், எந்த விசைப்பலகையில் தட்டினாலும் ஒகரக் குறி ஒரே குறியீடாகவே உள்ளே போகும். ஏற்கெனவே இருக்கும் கோப்புகளை ஒரு முறை மொத்தமாகச் சீராக்கி, வேறு எந்தத் திருத்தத்தையும் கலக்காமல், அதைத் தனியொரு கமிட்டாகச் செய்யுங்கள்.

[திரை: அந்தக் கமிட்டுக்குப் பிறகு வரும் டிஃப். ஒரே ஒரு வரி மட்டும் நிறம் மாறியிருக்கிறது.]