சமஷ்டிக்கு முந்திய கேள்வி

அவையோருக்கு வணக்கம்.

சமஷ்டியை, அதாவது கூட்டாட்சியை, ஆராய்கிறவர்கள் பெரும்பாலும் அதிகாரப் பட்டியல்களில்தான் மூழ்கிப்போகிறார்கள். காணி யார் கையில், பொலிஸ் யார் கையில், வரி யார் கையில் என்று. பிரஜாவுரிமையைச் சட்டம் படித்தவர்கள் வேறொரு மூலையில் தனியாகப் படிக்கிறார்கள். இப்படிப் பிரித்துப் படித்தால் இலங்கை விளங்காது. பிரித்தானியர் காலத்தில் இந்தியாவிலிருந்து தோட்ட வேலைக்கு வந்த தமிழரின் வழித்தோன்றல்கள் வாழும் மலையகத்தை வைத்து அதைச் சொல்கிறேன்.

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டப்படி, இந்த மண்ணில் பிறந்திருந்தால் மட்டும் ஒருவர் பிரஜையாகிவிட முடியாது. தகப்பன் இங்கே பிறந்திருக்க வேண்டும். இல்லையேல் பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்திருக்க வேண்டும். லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளரின் வரிசை வீட்டில், பிறந்த பாட்டனுக்குப் பிறப்புப் பத்திரம் எங்கிருந்து வரும்? கண்டிக் கிராமத்து விவசாயியின் பாட்டனுக்கும் அனேகமாக இருந்திருக்காது. ஆனால் அவரிடம் ஒருவரும் கேட்கவில்லை. அடுத்த ஆண்டு வந்த இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் சட்டத்தின் கீழ் எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டோருக்குப் பிரஜாவுரிமை கேட்டு விண்ணப்பம் போனது. கிடைத்தது ஒன்றரை லட்சத்துக்கும் குறைவானவர்களுக்கு. தேர்தல் சட்டத்தையும் 1949இலேயே திருத்திப் பிரஜையல்லாதவர்களை வாக்காளர் இடாப்பிலிருந்து எடுத்துவிட்டார்கள். 1947 தேர்தலில் 7 ஆசனங்களை வென்ற, மலையகத் தமிழரின் கட்சியான இலங்கை இந்தியன் காங்கிரசுக்கு 1952இல் ஒன்றுகூட இல்லை.

இதன் பிறகு நடந்த ஒரு கணக்கைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். சுதந்திரத்தோடு வந்த சோல்பரி யாப்பின்படி 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதோடு 1,000 சதுர மைலுக்கு ஓர் ஆசனம். இந்த 75,000இல் வாக்கில்லாதவர்களும் அடக்கம். வாக்குப் பறிபோன தோட்டத் தொழிலாளியை ஆசனக் கணக்கில் மட்டும் சேர்த்துக்கொண்டார்கள். அவரை எண்ணிக் கிடைத்த ஆசனத்துக்கு அயல் கிராமத்துச் சிங்கள வாக்காளர் உறுப்பினரைத் தெரிந்தெடுத்தார். நாடாளுமன்றத்தில் சிங்களப் பிரதிநிதித்துவம் அதன் விகிதத்தை மீறி ஏறியதற்கு இது முக்கியமான காரணம். 1956இல் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கிய தனிச் சிங்களச் சட்டத்தை நிறைவேற்றியது இப்படி அமைந்த சபைதான். பிரஜாவுரிமைச் சட்டம் தோட்டக்காட்டாரின் பிரச்சினை, நமக்கென்ன என்றிருந்த யாழ்ப்பாணத்துப் பெரியவர்களின் வீட்டு வாசலுக்கே அந்தக் கணக்கு வந்து சேர்ந்தது.

தந்தை செல்வா, அதாவது எஸ். ஜே. வி. செல்வநாயகம், இதை முன்கூட்டியே கண்டார். அந்தச் சட்டங்களின் விவகாரத்தில் தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜி. ஜி. பொன்னம்பலத்தோடு முறித்துக்கொண்டு, 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார். ஆக, நம் சமஷ்டி அரசியலே பிரஜாவுரிமைப் பறிப்பிலிருந்துதான் பிறந்தது. யாப்பின் 29(2)ஆம் பிரிவு சிறுபான்மையோரைக் காக்கும் என்று நம்பி வழக்காடியவர்களுக்கு, 1953இல் கோடாகன் பிள்ளை வழக்கில் லண்டனில் இறுதி மேன்முறையீடுகளைக் கேட்ட பிரிவி கவுன்சிலும் கைவிரித்தது. தன் பிரஜைகள் யாரென்று தீர்மானிப்பது சட்டசபையின் இயல்பான வேலை என்பது அதன் நிலைப்பாடு.

கசப்பான ஒன்றையும் சொல்லியாக வேண்டும். தமிழரசுக் கட்சி கேட்ட சமஷ்டி வடக்குக் கிழக்குக்கு உரியது. அது கிடைத்திருந்தாலும் ஹட்டனுக்கும் பதுளைக்கும் ஒன்றும் வந்திராது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் உட்கார்ந்து 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேர் பிறகு பார்க்கலாம் என்று பங்கிட்டபோது, அந்த மக்களின் விருப்பத்தை யார் கேட்டார்கள்? 1987இல் மாகாண சபைகள் வந்தன; மலையகத்தார் மத்திய, ஊவா, சப்ரகமுவ மாகாணங்கள் மூன்றிலும் சிறுபான்மையே. நிலத்தை மட்டும் அளந்து அதிகாரம் பகிர்ந்தால், சிதறி வாழும் மக்கள் விடுபட்டுப் போவார்கள். பெல்ஜியத்தில் பிராந்தியங்களோடு மொழிச் சமூகங்களுக்கும் தனி அதிகாரம் உண்டு. புதுச்சேரி, காரைக்கால், மாஹே, ஏனாம் நான்கும் ஒன்றையொன்று தொடாமலே ஓர் ஆட்சிக்குள் இருக்கின்றன. இவற்றை நம் யாப்பு விவாதங்களில் இன்னும் ஆழமாகப் படிக்க வேண்டும் என்பது என் கருத்து.

இளம் ஆய்வாளர்களிடம் ஒரு வேண்டுகோள். பிரஜாவுரிமை வழங்கிய 2003ஆம் ஆண்டுச் சட்டத்தோடு நாடற்றோர் பிரச்சினை முடிந்தது என்று எழுதி நிறுத்திவிடாதீர்கள். 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைகள் சட்டத்தில் 33ஆம் பிரிவை எடுத்துப் பாருங்கள். தோட்டங்களுக்குள் சபைப் பணத்தைச் செலவிட அது தடையாக நின்றது. 2018இல்தான் திருத்தினார்கள். இடைப்பட்ட 31 ஆண்டுகளில் மலையக வாக்காளர் பிரதேச சபை உறுப்பினரைத் தெரிந்தெடுத்தார். அந்த உறுப்பினரால் அவருடைய லயத்துக்குப் போகும் பாதைக்குக் கல் போட முடியவில்லை. நுவரெலியா மாவட்டச் சபைகளின் அந்தக் காலத்து வரவு செலவுப் பதிவுகளையும் கூட்டக் குறிப்புகளையும் தேடி எடுங்கள். உங்கள் ஆய்வை அங்கிருந்து தொடங்குங்கள்.