பழைய அ-பதிவேட்டைக் கேளுங்கள்

வணக்கம் நேயர்களே. கூட்டுறவு சங்கத்துக்குப் பயிர்க்கடன் கேட்டுப் போனவர்கள் உங்களில் நிறையப் பேர் இருப்பீர்கள். நிலம் யார் பெயரில் என்று காட்டும் சிட்டா எங்கே, என்ன பயிர் என்று காட்டும் அடங்கல் எங்கே என்பார்கள். தாத்தா காலத்திலிருந்து உழுதுவரும் நிலம் கணக்கில் ‘அரசு புறம்போக்கு’ என்றோ ‘தீர்வை ஏற்பட்ட தரிசு’, அதாவது வரி நிர்ணயித்தும் யாருக்கும் பட்டா இல்லாத அரசு நிலம் என்றோ ஏறியிருப்பது பலருக்கும் அப்போதுதான் தெரிகிறது. கிரயப் பத்திரம் பெட்டியில் பத்திரமாக இருக்கும். ஆனால் பட்டா கிடைக்காது. விற்கப் போனால் சார்பதிவாளர் பதிய மறுப்பார்.

இது எப்படி வந்தது? தமிழ்நாட்டில் பெரும்பாலும் யு.டி.ஆர் காலத்தில் வந்தது. நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம் என்று பெயர். 1979 ஜூனில் தொடங்கி 1987 ஏப்ரல் வரை நடந்தது. ஊர் ஊராக விசாரித்துப் புதிய அ-பதிவேடு, அதாவது ஒவ்வொரு புல எண்ணும் எவ்வளவு பரப்பு, என்ன வகை, யார் பெயர் என்று சொல்லும் ஊரின் அடிப்படைக் கணக்கை எழுதினார்கள். ஏக்கர், சென்ட் போய் ஹெக்டேர், ஏர் வந்தது. இதற்கு நடுவே, 1980 நவம்பரில், ஊர்க்கணக்கு எழுதிய கர்ணம், வரி வசூலித்த மணியம் என்ற பரம்பரைப் பதவிகளை அரசு ஒழித்தது. பிறப்பை வைத்துப் பதவி என்பது போக வேண்டியதுதான், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆனாலும் எந்த வரப்பு யாருடையது என்று மனப்பாடமாகத் தெரிந்தவர்கள் விலகிய அதே வருடங்களில்தான் ஊர்க்கணக்கு முழுக்கத் திரும்ப எழுதப்பட்டது. பிழைப்புக்காக வெளியூர் போயிருந்தவர், விசாரணை நடந்த நாளில் ஊரிலேயே இல்லை. பின்னால் அந்தப் பதிவேடு கம்ப்யூட்டருக்குப் போனபோது பிழையும் அதோடு போனது. அதனால்தான் சொல்கிறேன்: இணையத்தில் எடுத்த அச்சுத்தாளை வைத்துக்கொண்டு வாதாடாதீர்கள். பழைய அ-பதிவேட்டைக் கேளுங்கள்.

எனக்குத் தெரிந்த ஒரு அம்மாள், கணவர் இல்லாதவர், தன் புஞ்சைக்காகப் பல வருடம் அலைந்தார். கிணறு இருக்கிற பகுதி மட்டும் கணக்கில் தரிசு. பட்டா மாறுதல் என்று தாலுகா அலுவலகத்தில் மனுப் போடுவார், தள்ளுபடி ஆகும். மறுபடி போடுவார், மறுபடி தள்ளுபடி. அவர் மாமனார் கட்டிய தீர்வை ரசீதுகளை ஒரு மஞ்சள் பையில் வைத்திருந்தார். ரசீதில் பழைய பட்டா எண் இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு யு.டி.ஆருக்கு முந்தைய அ-பதிவேட்டைத் தேடியெடுத்தோம். அதில் மாமனார் பெயரில் ஒரே புல எண், 2 ஏக்கர் 47 சென்ட். புதிய கணக்கில் அது இரண்டு உட்பிரிவு. மாமனார் பெயரில் 60 ஏர். பெயரே இல்லாமல், தரிசு என்று 40 ஏர். இரண்டையும் கூட்டுங்கள், 100 ஏர், அதாவது ஒரு ஹெக்டேர். ஒரு ஹெக்டேர் என்பது எவ்வளவு? அதே 2 ஏக்கர் 47 சென்ட்! அந்த அம்மாள் பள்ளிக்கூடம் போகாதவர். இந்தக் கூட்டலைச் சொன்னதும், “அப்ப எங்க மாமா பொய் சொல்லல” என்றார். அத்தனை வருடமும் அவரை வதைத்தது கடன் கிடைக்காதது இல்லை. நாம் அரசாங்க நிலத்தில் உட்கார்ந்திருக்கிறோமோ என்ற சந்தேகம்தான்.

அவர் மனு ஏன் தள்ளுபடி ஆனது? அவர் கேட்டது பெயர் மாற்றம். கணக்கில் அரசு நிலம் என்று இருந்தால் வட்டாட்சியர் அதில் பெயர் மாற்ற முடியாது. யு.டி.ஆரில் வகைப்பாடு தவறாக விழுந்துவிட்டது, அதைத் திருத்துங்கள் என்று மாவட்ட வருவாய் அலுவலரிடம் கேட்க வேண்டும். புல வரைபடம், தாய்ப் பத்திரம், வில்லங்கச் சான்று, தீர்வை ரசீது, எல்லாவற்றுக்கும் மேலாகப் பழைய அ-பதிவேட்டின் சான்றிட்ட நகல். நகல் தர மறுத்தால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். இன்னொன்று, உத்தரவு வந்ததும் நிம்மதியாகிவிடாதீர்கள். அது தாலுகாவுக்கு வந்து, அ-பதிவேட்டிலும் கம்ப்யூட்டரிலும் ஏறுகிறவரை விடக்கூடாது. சிட்டாவை எடுத்துப் பாருங்கள்.

நேரம் நெருங்கிவிட்டதென்று சைகை வருகிறது. இதன் மறுபக்கத்தை விரிவாகச் சொல்ல நினைத்திருந்தேன். ஊருணி, மேய்க்கால், வண்டிப்பாதை இவை தனியார் பட்டாவாகப் பதிவான பிழையும் உண்டு. அதைக் கேட்க ஒரு வாரிசு வரமாட்டார், ஊர்தான் கேட்க வேண்டும். கிராமப் பொதுநிலங்களை மீட்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2011இல் எல்லா மாநிலங்களுக்கும் சொல்லியிருக்கிறது. கோடையில் உங்கள் தாலுகாவில் ஜமாபந்தி நடக்கும்போது கிராமக் கணக்குகள் தணிக்கைக்கு வரும். அன்றைக்கு நாலு பேர் சேர்ந்து போய் உங்கள் ஊருணியின் புல எண்ணைச் சொல்லி, இப்போதைய பதிவேட்டில் என்ன இருக்கிறது, பழைய அ-பதிவேட்டில் என்ன இருக்கிறது என்று இரண்டையும் கேட்டு, மனுவாகவே எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள். வணக்கம்.